பொதுக் கோப்பும் அணைக்காத சூடமும்

இதை எழுதலாமா வேண்டாமா என்று ஆறேழு வருஷம் தயங்கினேன். நோட்டை எடுப்பேன், பிள்ளையார் சுழி போடுவேன், அடுப்பில் ஏதோ வைத்த ஞாபகம் வந்ததுபோல எழுந்து போய்விடுவேன். நான் பத்தாவதோடு நின்றவள். டைப்ரைட்டிங்கில் லோயர் பாஸ். கம்ப்யூட்டருக்குள் இருக்கிற ஒரு ஃபைலைப் பற்றி நான் எழுதினால் படித்தவர்கள் சிரிக்க மாட்டார்களா என்பது ஒரு தயக்கம். அதைவிடப் பெரிய தயக்கம் வேறு. உள்ளபடி எழுதினால் நான் செய்த தப்பையும் சேர்த்து எழுத வேண்டும். இன்று காலை விளக்கேற்றிக் கும்பிட்டதும் உட்கார்ந்துவிட்டேன். சிரிக்கிறவர்கள் சிரிக்கட்டும்.

நான் பிறந்தது கடலூர் துறைமுகத்தை ஒட்டிய ஒரு மீனவக் குப்பத்தில். வாழ்க்கைப்பட்டது சிதம்பரத்தில். வீட்டுக்காரர் கிள்ளையிலிருந்து மீன் வண்டி ஓட்டுகிறார். தேரோடும் வீதியிலிருந்து பிரிகிற ஒரு சந்தில் சின்ன அச்சகம் ஒன்று இருந்தது. அங்கே பதினொரு வருஷம் தமிழ் டைப் அடித்தேன். கல்யாணப் பத்திரிகை, காதுகுத்து, கருமகாரியம், கோயில் திருவிழா நோட்டீஸ் எல்லாம் என் விரல் வழியாகத்தான் போகும். சுவாமி பெயர் வருகிற வரியை மட்டும் அடித்து முடித்ததும் மனசுக்குள் ஒரு கும்பிடு போட்டுக்கொள்வேன். அது என் பழக்கம்.

கடையில் இருந்தது ஒரே கம்ப்யூட்டர். அதில் ஒரு பழைய தமிழ் சாஃப்ட்வேர். கடையின் பழைய மேட்டர் அத்தனையும் அதில் அடித்ததுதான், வேறு எதிலும் திறந்தால் எழுத்தெல்லாம் கட்டம் கட்டமாகத் தெரியும். அதே கம்ப்யூட்டரில் ஜாதகம் கணிக்கிற சாஃப்ட்வேர் ஒன்றும் இருந்தது. கடை முகப்பில் மேஜை போட்டிருந்த ஜோசியர் ஒருவர் அதைப் பயன்படுத்தினார். அவர் மகன் வீட்டோடு போய்விட்டார். சாஃப்ட்வேர் மட்டும் தங்கிவிட்டது.

ஆயுத பூஜைக்கு முதல் நாள் கடையைச் சுத்தம் பண்ணினோம். ஆஃப்செட் மெஷினை மண்ணெண்ணெய் போட்டுத் துடைத்தார்கள். கட்டிங் மெஷினுக்குச் சந்தனம், குங்குமம். நான் கீபோர்டைக் கவிழ்த்துத் தட்டினேன், மானிட்டரைத் துடைத்துப் பொட்டு வைத்தேன். வெளியே மட்டும் சுத்தம் பண்ணினால் போதுமா, சரஸ்வதி உள்ளேதானே இருக்கிறாள் என்று தோன்றியது. யாரும் தொடாத சாமான் எதற்கு என்று ஜோசியர் சாஃப்ட்வேரை நீக்கக் கொடுத்தேன். பாதியில் ஒரு கேள்வி வந்தது. இங்கிலீஷை எழுத்துக் கூட்டிப் படித்தேன். பொதுவான ஃபைல் ஒன்று இருக்கிறது, இதை இப்போது எந்த சாஃப்ட்வேரும் பயன்படுத்தவில்லை, எடுத்துவிடவா என்று கேட்டது. யாரும் பயன்படுத்தவில்லை என்று அதுவே சொல்கிறதே, ஆமாம் என்று அமுக்கினேன். வீட்டுப் பரணைக் காலி பண்ணின சந்தோஷத்தோடு மெஷினை அணைத்தேன். மறுநாள் பூஜை, ஒருத்தரும் எதையும் தொடவில்லை.

விஜயதசமி காலை நல்ல நேரம் பார்த்துத் திறந்தோம். காடாம்புலியூர் பக்கத்துக் கோயில் ஒன்றின் கும்பாபிஷேகப் பத்திரிகைதான் முதல் வேலை. பாதி அடித்து வைத்திருந்தேன். தமிழ் சாஃப்ட்வேரைத் தட்டினேன். திறக்கவில்லை. ஒரு ஃபைலின் பெயரைச் சொல்லி, அது காணவில்லை என்று ஒரு கட்டம் வந்து நின்றது.

சர்வீஸ்காரர் வந்தார். எங்கள் கடைக்கு ரொம்ப நாளாக வருகிறவர். பார்த்ததும் சொன்னார்.

"அண்ணே, இது டிஎல்எல் ஃபைலு. தானா போவாது. யாரோ தூக்கியிருக்காங்க."

"யாரோன்னா யாரு? இந்தச் சேர்ல எத்தினி பேரு உக்கார்றாங்க?" என்றார் முதலாளி. அவர் என்னைப் பார்க்கவில்லை. அதுதான் எனக்குச் சுருக்கென்றது.

நான் ஒளிக்கவில்லை. "சார், ஜோசியர் சாஃப்ட்வேர மட்டும் எடுத்தேன். வேற ஒண்ணும் தொடல," என்றேன்.

சர்வீஸ்காரர் சிரித்தார். "அதுக்கும் இதுக்கும் இன்னாக்கா சம்பந்தம்? அது வேற சாஃப்ட்வேரு, இது வேற சாஃப்ட்வேரு. அத எடுத்தா இது போவுமா?"

முதலாளி அதைப் பிடித்துக்கொண்டார். "பாத்தியா? அப்ப தனியா தேடிப் போயி இந்த ஃபைல அழிச்சிருக்க. மேல வீதிக் கடையில கூப்பிட்டாங்கன்னு போன மாசம் சொன்னியே. போறதுக்கு முன்னால என் கடையப் படுக்க வெச்சிட்டுப் போலாம்னு பாக்குறியா?"

இன்னொரு அச்சகத்தில் கூப்பிட்டது நிஜம். மாட்டேன் என்று சொல்லிவிட்டு, மறைக்கக் கூடாதே என்று இவரிடமும் நானேதான் சொன்னேன். அதையே எடுத்து என்மேல் வீசினார்.

பூஜை போட்ட படம், தட்டு எல்லாம் அப்படியே இருந்தது. முதலாளி ஒரு சூடத்தை எடுத்துத் தட்டில் வைத்துக் கொளுத்தினார். "அந்த ஃபைல நீ அழிக்கலன்னு சூடத்த அணைச்சு சத்தியம் பண்ணு. நான் நம்புறேன். விஷயம் இதோட முடிஞ்சிச்சு."

கை பாதி வரை போனது. பிறகு நின்றுவிட்டது.

எங்கள் குப்பத்தில் மாரியம்மன் முன்னால் சூடம் அணைத்துவிட்டால் அதற்குமேல் பேச்சில்லை. வலை அறுத்தது யார் என்று ஊரே இரண்டாக நின்றாலும், ஒருத்தர் அணைத்துவிட்டால் மறுபடி அதை யாரும் வாயில் எடுக்கக் கூடாது. அதனாலேயே லேசில் யாரும் அதற்குக் கை நீட்ட மாட்டார்கள். நான் நிச்சயம் வேண்டுமென்று எதையும் அழிக்கவில்லை. ஆனால் அந்தக் கேள்விக்கு ஆமாம் என்று அமுக்கினேனே, அப்போது போனது எந்த ஃபைல்? எனக்குத் தெரியாது. பெயரைக் கவனிக்கவில்லை.

"தெரியாத விஷயத்துக்கு சத்தியம் பண்ண மாட்டேன் சார்."

"அழிச்சியா இல்லியான்னு கூடவா தெரியாது?"

"தெரியாது சார். தெரிஞ்சிக்கிட்டு வந்து சொல்றேன்."

"யக்கா, சும்மா கைய வெச்சி எடுக்கா. சூடம் வீணாவுது," என்றார் ஆஃப்செட் ஓட்டுகிறவர். நோட்டீஸ் வாங்க வந்த இரண்டு பேரும் சிரித்தார்கள். சூடம் தானாக எரிந்து அடங்கிற்று. தட்டில் கறுப்பாக ஒரு வட்டம்.

சர்வீஸ்காரர் அதற்குள் பக்கத்து ஜெராக்ஸ் கடைக் கம்ப்யூட்டரிலிருந்து அதே பெயருள்ள ஃபைலைப் பென் டிரைவில் கொண்டுவந்து போட்டார். இப்போது வேறு மாதிரி எரர். "ஃபார்மேட் அடிச்சிட வேண்டியதுதாண்ணே," என்றார். தமிழ் சாஃப்ட்வேரின் சிடி எங்கே போயிற்று என்று யாருக்கும் தெரியாது. ஃபார்மேட் அடித்தால் பழைய மேட்டர் திறக்கவே வழியில்லை. எனக்கு இன்னொன்றும் தோன்றியது. மெஷினை மொத்தமாகத் துடைத்துவிட்டால் நடந்தது என்ன என்பதும் அதோடு துடைபட்டுப்போகும். நான்தான் வேண்டுமென்று செய்தேன் என்பது மட்டும் மிஞ்சும்.

"ரெண்டு நாள் குடுங்க சார்," என்றேன். அவருக்கும் பழைய மேட்டர் வேண்டுமே. சரி என்றார். நான் இரண்டு எரரையும் செல்லில் போட்டோ எடுத்தேன். ஃபைல் பெயரை ஒவ்வொரு எழுத்தாக ஒரு சீட்டில் எழுதிக்கொண்டேன்.

வீட்டில் சொன்னால் வீட்டுக்காரருக்கு என்மேல்தான் கோபம். "சர்வீஸ்காரனே சம்பந்தம் இல்லன்றான். அப்புறம் இன்னா? அணைச்சிட்டு வேலையப் பாக்க வேண்டியதுதான?"

"அவன் சொன்னத வெச்சி நான் சாமிகிட்ட சொல்ல முடியுமாங்க?"

"ஒரு ஃபைலுக்கெல்லாம் சாமி கணக்குப் பாக்குமா? உனக்கு வீம்பு ஜாஸ்தி."

"வீம்புதான். அணைக்கிற கை என்னுதாச்சே," என்றேன். அவர் சாப்பாட்டுத் தட்டைத் தள்ளிவைத்துவிட்டு எழுந்தார். காலையில் அவரே பஸ் ஸ்டாண்டில் கொண்டுபோய் விட்டார்.

கடலூர் ஓ.டி.யில், அதாவது பழைய டவுனில், பழைய கம்ப்யூட்டர் வாங்கி விற்கிற ஒரு பெண் இருந்தாள். என் அண்ணன் வீட்டுக் கம்ப்யூட்டர் அவளிடம் வாங்கியதுதான். என்னைவிடப் பத்து வயது சின்னவள். நைட்டிமேல் துண்டைப் போட்டுக்கொண்டு, ஸ்க்ரூடிரைவரைக் கொண்டையில் செருகியிருப்பாள். கடை முழுக்க வயிறு திறந்த கம்ப்யூட்டர்கள். சீட்டைக் கொடுத்தேன், போட்டோவைக் காட்டினேன், எல்லாவற்றையும் சொன்னேன்.

"சூடமா? எரர் வந்ததுக்கா?" என்று வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தாள். "என் கஸ்டமருங்க என்னைத்தான் திட்டுவாங்க. சாமியெல்லாம் கூப்பிட மாட்டாங்க."

"சிரிக்காத தங்கச்சி. நான் அழிச்சனா இல்லியா? அத மட்டும் சொல்லு."

"சொல்றேன்க்கா, உக்காரு. ஒரு சாஃப்ட்வேரு எல்லா வேலையும் தானே பண்ணாது. பட்டன் வரையறது, லிஸ்ட் காட்றது இந்த மாதிரி எல்லா சாஃப்ட்வேருக்கும் வேண்டிய வேலைய ஒரு பொது ஃபைல்ல எழுதி விண்டோஸ் ஃபோல்டர்ல வெச்சிருப்பாங்க. வேணுன்றவங்க அதக் கூப்பிட்டு வேலை வாங்கிப்பாங்க. அதுதான் டிஎல்எல். நாலு சாஃப்ட்வேருக்கும் ஒரே ஃபைலு."

எனக்குப் பிறந்த ஊரின் கோயில் அறை கண்ணில் வந்தது. பெரிய அண்டா, ஜமக்காளம், பந்திப் பலகை எல்லாம் அங்கே பொதுவில் இருக்கும். எந்த வீட்டில் விசேஷமோ அவர்கள் எடுத்துப்போவார்கள். எடுக்கும்போது அங்கிருக்கிற நோட்டில் பெயர் எழுதணும், திருப்பி வைத்ததும் அடிக்கணும். அவளிடம் சொன்னேன்.

"அய்ய, சரியா புடிச்சிக்கிட்டியே!" என்று தொடையில் தட்டினாள். "இங்கயும் ஒரு நோட்டு இருக்குதுக்கா. சாஃப்ட்வேர முறையா இன்ஸ்டால் பண்ணா, இந்த ஃபைல நானும் யூஸ் பண்றேன்னு அதுல ஒரு எண்ணிக்கை ஏறும். எடுத்தா ஒண்ணு குறையும். கடைசி ஆளும் போயிட்டா, யாரும் இல்ல, தூக்கிடவான்னு கேக்கும்."

"அதத்தான் கேட்டுச்சு. ஆனா தமிழ் சாஃப்ட்வேர் இருந்துச்சே!"

"அது நோட்டுல பேரு எழுதலயே. உங்க மெஷின் நடுவுல மாத்துனாங்களா?"

மாற்றினார்கள். இரண்டு வருஷம் முன்னால் பழைய கம்ப்யூட்டர் போய்விட்டு இது வந்தது. சிடி இல்லாததால் சர்வீஸ்காரர் பழைய மெஷினிலிருந்து தமிழ் சாஃப்ட்வேர் ஃபோல்டரை அப்படியே காப்பி பண்ணி வைத்தார். பக்கத்தில் நின்று பார்த்தேன்.

"அப்ப அவ்வளவுதான்க்கா," என்றாள். "ஃபோல்டர் வந்துச்சு, பேரு ஏறல. ஜோசியக்காரர் சாஃப்ட்வேரு கொண்டுவந்து வெச்ச அண்டாவுல இது இத்தினி நாளா சோறு ஆக்கிக்கிட்டு இருந்திருக்கு. நோட்டுல அவரு பேரு மட்டுந்தான். அவரத் தூக்கினதும் நோட்டு காலி."

"ஜெராக்ஸ் கடையிலிருந்து அதே ஃபைல் கொண்டாந்தாரே?"

"பேரு ஒண்ணா இருந்தா போதுமா? அது வேற வெர்ஷன். இது கேக்குற வேலை அதுக்குத் தெரியல, அதான் எரரு மாறிச்சு. நெட்லயிருந்தும் தனி ஃபைல எறக்கிடாத, வைரஸ் வரும். ஜோசிய சிடி இருந்தா மறுபடி இன்ஸ்டால் பண்ணு. அந்த ஃபைல் தன் எடத்துக்கு வந்துடும். அதுக்கு முன்ன, சர்வீஸ்காரரு போட்ட ஃபைலப் பேரு மாத்தி ஒதுக்கி வெச்சிடு." எப்படி என்று எழுதிக்கொடுத்தாள்.

கடைசியாக மறுபடி கேட்டேன். "அப்ப அழிச்சது நான்தான்?"

ஸ்க்ரூடிரைவரைக் கொண்டையிலிருந்து எடுத்தாள். "கை உன்னுதுக்கா," என்றாள். "கேள்வி தப்பு. ஆனா கை உன்னுது."

திரும்பி வருகிற பஸ்ஸில் ஜன்னல் ஓரம் உட்கார்ந்திருந்தேன். ஆலப்பாக்கம் தாண்டினோம், புதுச்சத்திரம் தாண்டினோம். மனசு ஒரு வேலை பார்த்தது, அதையும் எழுதுகிறேன். யாருக்கும் தெரியாதே என்றது. சர்வீஸ்காரரே சம்பந்தம் இல்லை என்று எல்லார் எதிரிலும் சொல்லிவிட்டார். "தமிழ் சாஃப்ட்வேரை நான் தொடவில்லை" என்று வார்த்தையை மட்டும் மாற்றி சத்தியம் பண்ணினால், வார்த்தைப்படி அது நிஜம். கை சுடாது. வேலையும் நிலைக்கும், பெயரும் நிலைக்கும். சிதம்பரம் கோபுரம் கண்ணில் படுகிற இடத்தில் எல்லாரும் கன்னத்தில் போட்டுக்கொண்டார்கள். என்னால் முடியவில்லை, கை மடியிலேயே கிடந்தது. அப்போதுதான் தீர்மானம் வந்தது. உள்ளதைச் சொல்வேன். ஆனால் குற்றவாளி மாதிரி நின்று சொல்ல மாட்டேன்.

மறுநாள் கடை திறக்கும்போதே போய் நின்றேன். முதலாளி, சர்வீஸ்காரர், ஆஃப்செட் ஓட்டுகிறவர் மூன்று பேரும் இருந்தார்கள்.

"சார், அந்த ஃபைல அழிச்சது நான்தான்," என்றேன்.

"பாத்தீங்களா!" என்று முதலாளி நாற்காலியை விட்டே எழுந்துவிட்டார். "அன்னிக்கே சொன்னேன்."

"நீங்க சொன்னது வேணும்னு அழிச்சேன்னு. அது பொய். மெஷின் யாரும் யூஸ் பண்ணலன்னு சொல்லிக் கேட்டுச்சு, ஆமான்னேன். அது ஏன் அப்பிடிச் சொல்லுச்சுன்னு இவரக் கேளுங்க." சர்வீஸ்காரர் பக்கம் திரும்பினேன். "தமிழ் சாஃப்ட்வேர இன்ஸ்டால் பண்ணீங்களா, ஃபோல்டர காப்பி பண்ணீங்களா?"

"சிடி இல்லியேக்கா... காப்பி பண்ணாலும் ஓடுச்சில்ல?"

"ஓடுச்சு. ஜோசியர் ஃபைல்ல ஓடுச்சு. ரெண்டுக்கும் சம்பந்தம் இல்லன்னு சொன்னீங்களே, ரெண்டுக்கும் அதே ஃபைலு."

அவர் தலையைச் சொறிந்தார். முதலாளி, "இவ என்னாப்பா டீச்சர் மாதிரி கேள்வி கேக்குறா," என்றார்.

ஜோசியர் மேஜை டிராயரில் பழைய பஞ்சாங்கங்களுக்கு நடுவில் சிடி இருந்தது. உட்கார்ந்தேன். ஜெராக்ஸ் கடை ஃபைலின் பெயரை மாற்றி ஒதுக்கினேன். சிடியைப் போட்டேன், இன்ஸ்டால் முடிந்தது. நடராஜரை நினைத்துக்கொண்டு தமிழ் சாஃப்ட்வேரைத் தட்டினேன். திறந்தது. பாதியில் நின்ற கும்பாபிஷேகப் பத்திரிகை, சுவாமி பெயரோடு அப்படியே வந்து நின்றது. ஆஃப்செட் ஓட்டுகிறவர் கை தட்டினார். "யக்கா, நீயே சர்வீஸுக்குப் போயிடலாம் போலக்கீதே!"

முதலாளிக்கும் முகம் இளகியது. நல்ல மனுஷர்தான், கெட்டவர் என்று எழுத மாட்டேன். ஆனால் அவர் அடுத்துச் சொன்னது இது: "சரி, ஆனது ஆச்சு. தோ தட்டு இருக்கு. இனிமே மெஷினோட உள் விஷயத்துல கை வெக்க மாட்டேன், டைப் மட்டும் அடிப்பேன்னு சூடத்த அணைச்சு சொல்லிடு. பழையபடி வேலைய பாரு."

"மாட்டேன் சார்."

"ஏன்?"

"முன்ன தெரியாம கை வெச்சேன். இப்ப தெரியும். தெரிஞ்சிக்கிட்டதுக்கு இன்னொரு சத்தியமா? வேணும்னா நீங்க ஒண்ணு பண்ணுங்க. அன்னிக்கு நாலு பேரு முன்னால என்னத் திருட்டுக்கை மாதிரி பேசினீங்க. அதே மாதிரி நாலு பேரு முன்னால, இவ வேணும்னு பண்ணலன்னு ஒரு வார்த்த சொல்லுங்க. சூடமெல்லாம் வேணாம்."

"நான் உன்கிட்ட மன்னிப்பு கேக்கணுமா?"

"மன்னிப்பு கேக்கச் சொல்லல சார். உள்ளதச் சொல்லச் சொன்னேன். நான் சொன்னேன்ல?"

அவர் சொல்லவில்லை. நான் கும்பாபிஷேகப் பத்திரிகையை மத்தியானத்துக்குள் அடித்து, ப்ரூஃப் பார்த்து, பிரிண்ட் எடுத்துக் கொடுத்தேன். சாமி காரியத்தைப் பாதியில் விடக் கூடாது. பிறகு ஒரு சீட்டில், "ஜோசிய சாஃப்ட்வேரை நீக்க வேண்டாம். தமிழ் சாஃப்ட்வேர் அதன் பொதுக் கோப்பில்தான் ஓடுகிறது" என்று எழுதி மானிட்டர் ஓரத்தில் ஒட்டினேன். எழுந்து வந்துவிட்டேன். யாரும் தடுக்கவில்லை, நானும் திரும்பிப் பார்க்கவில்லை.

மேல வீதிக் கடைக்கும் போகவில்லை. போனால் அவர் சந்தேகப்பட்டது சரி என்று ஆகிவிடும். கடலூர் தங்கச்சியிடம் ஒரு பழைய கம்ப்யூட்டர் வாங்கி வீட்டிலேயே போட்டேன். புதிதாக ஒரு தமிழ் சாஃப்ட்வேர் சிடி வாங்கி முறையாக, பெயர் ஏறுகிறபடி, இன்ஸ்டால் பண்ணினேன். வீட்டுக்காரர் மீன் வண்டியில்தான் அது வந்தது. ஒரு வாரம் அதில் நெத்திலி வாசனை. "வீம்புக்காரி கம்ப்யூட்டர் வந்துடுச்சு," என்று அவர் தெருவில் நின்று சொன்னார். சிரித்துக்கொண்டுதான் சொன்னார்.

இப்போது என்னைப் பற்றி ஊரில் இரண்டு பேச்சு இருக்கிறது. கடைப்பக்கம் போனால், வேண்டுமென்றே மெஷினைக் கெடுத்துவிட்டு, சூடம் அணைக்கப் பயந்து ஓடியவள். என் உறவுக்காரர்களிடம் கேட்டால், ஒரு பாவமும் அறியாதவள், எல்லாம் சர்வீஸ்காரன் செய்தது, அவள்மேல் பழி. முதலாவதைக் கேட்டால் கோபம் வருகிறது. இரண்டாவதைக் கேட்டால் வெட்கமாக இருக்கிறது. எனக்கு நல்லது செய்வதாக நினைத்து என்னிடமிருந்து என் கையைப் பிடுங்கிக்கொள்கிறார்கள்.

இதைப் படிக்கிறவர்கள் யாரிடமாவது சொன்னால், தயவுசெய்து இப்படியே சொல்லுங்கள். என்னை நல்லவளாக்கி ஒரு வார்த்தை கூட்ட வேண்டாம், அவரைக் கெட்டவராக்கி ஒரு வார்த்தையும் வேண்டாம். ஆமாம் என்று அமுக்கியது நான். தெரிந்ததும் ஒத்துக்கொண்டது நான். சூடத்தில் கை வைக்காதவளும் நான். மூன்றில் ஒன்றை விட்டுவிட்டாலும் அது வேறு யாரோ ஒருத்தியின் கதை.